மேடையை விடாமல் நாவல் எழுதுவது எப்படி: திருகோணமலை நடிகைகளுக்கு ஒரு வழிகாட்டி

பாடசாலையில் தமிழ்மொழித் தினப் போட்டி நாடகத்தோடு மேடையேறி, பிறகு ஊர் நாடகக் குழுவிலும் வீதி நாடகத்திலும் குறும்படத்திலும் நடித்துவரும் பெண்கள் திருகோணமலையில் பலர் இருக்கிறார்கள். அவர்களில் சிலரிடமாவது எழுதப்படாத ஒரு நாவல் இருக்கிறது. "எனக்கு நடிக்கத்தான் தெரியும், எழுத வராது" என்று சொல்லி அதை அப்படியே விட்டுவிடுகிறார்கள். இந்தக் கட்டுரை அவர்களுக்கு. என் எண்ணத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு பாத்திரத்தைத் தயார்செய்ய நடிகை செய்கிற வேலையில் பாதி, நாவலாசிரியையின் வேலையேதான். மிச்சப் பாதியைத்தான் புதிதாகப் பழக வேண்டும். அது எது என்று தெரியாமல் இறங்குவதால்தான் பலர் முப்பதாம் பக்கத்தில் நின்றுவிடுகிறார்கள்.

இந்தப் பாதையில் முன்னரே போனவர்கள் உண்டு. இங்கிலாந்தின் எலிசபெத் இஞ்ச்பால்டுக்குத் திக்குவாய் இருந்தது. அதோடு போராடியே மேடை நடிகையானார். நடித்துக்கொண்டிருந்த காலத்திலேயே எழுதத் தொடங்கிய நாவல், 1789-இல் அவர் மேடையை விட்டபின், 1791-இல்தான் அச்சில் வந்தது. நூறு ஆண்டுகள் கழித்து, அமெரிக்காவில் பிறந்து லண்டனில் நடித்த எலிசபெத் ராபின்ஸ் 1891-இல் நோர்வே நாடகாசிரியர் இப்சனின் 'ஹெட்டா கேப்லர்' நாடகத்தில் ஹெட்டாவாக மேடையேறிப் புகழ்பெற்றார். நடிப்பும் எழுத்தும் ஒன்றோடொன்று மோதக்கூடாது என்று முதலில் சி. ஈ. ரைமண்ட் என்ற புனைபெயரில் எழுதினார். 1900-இல் தம்பியைத் தேடி அலாஸ்காவுக்குப் போய்வந்த அனுபவத்தை 1904-இல் நாவலாக்கினார். 1907-இல் பெண்களின் வாக்குரிமை பற்றித் தானே எழுதிய நாடகத்தை அதே ஆண்டில் நாவலாகவும் வெளியிட்டார். எங்கள் ஆட்களுக்கு மிகவும் பயன்படக்கூடியது இந்தக் கடைசிச் செய்திதான். கீழே திரும்பவும் அதற்கு வருகிறேன்.

திருகோணமலைக்கும் நாவல் அந்நியமான வடிவம் இல்லை. இந்த ஊர்க்காரரான தி. த. சரவணமுத்துப்பிள்ளையின் வரலாற்று நாவல் 1895-இலேயே வந்துவிட்டது. மூதூரில் வ. அ. இராசரத்தினம் இருந்தார். பெண்களில் ந. பாலேஸ்வரி நாவலாசிரியையாகவே பெயர் பெற்றார். எழுதத் தொடங்கும் முன் இவர்களைத் தேடிப் படியுங்கள். ஈழத்துத் தமிழ் நூல்களை இணையத்தில் சேர்த்துவைத்திருக்கும் 'நூலகம்' தளத்தில் பழைய நூல்கள் பலவற்றை இலவசமாகவே படிக்கலாம்.

எதை எழுதுவது

புதியவர்கள் பெரும்பாலும் தங்கள் வாழ்க்கைக் கதையோடு தொடங்குகிறார்கள். நான் வேறொன்று சொல்வேன். நீங்கள் நடித்த பாத்திரங்களில், நாடகம் முடிந்த பிறகும் உங்களை விடாமல் தொடர்ந்த ஒருத்தியை எடுங்கள். மேடையில் அவளுக்குக் கிடைத்தது இரண்டு காட்சியாக இருக்கலாம். ஆனால் அந்த இரண்டு காட்சிக்காக அவள் எங்கே பிறந்தாள், எப்போது கடைசியாக அழுதாள், கணவனிடம் எதை மறைக்கிறாள் என்றெல்லாம் நீங்கள் யோசித்திருப்பீர்கள். பார்வையாளருக்குக் காட்ட வழியில்லாமல் உங்களிடமே தங்கிப்போன அந்தப் பகுதிதான் நாவலுக்கான மூலதனம்.

ராபின்ஸ் செய்ததும் இதைப் போன்றதுதான். நாடகத்தில் ஒரு அங்கத்துக்குள் முடிந்த பொதுக்கூட்டம், நாவலில் பல கூட்டங்களாக விரிந்தது. கூட்டத்துக்கு வெறுமனே வேடிக்கை பார்க்க வந்த பெண் மெல்ல மெல்ல அதற்குள் இழுக்கப்படுவதை, மேடையில் காட்ட முடியாத நிதானத்தில் அவரால் சொல்ல முடிந்தது. அதற்காக உண்மையான கூட்டங்களுக்குப் போய்க் குறிப்பெடுத்தார். நாள்குறிப்பு எழுதும் வழக்கமும் அவருக்கு நெடுநாள் இருந்தது.

இங்கே ஒரு சட்ட விடயம். ராபின்ஸ் நாவலாக்கியது அவருடைய சொந்த நாடகம். நீங்கள் நடித்தது வேறொருவர் எழுதிய பிரதி என்றால், அதன் கதையையும் வசனத்தையும் எடுத்து நாவலாக்கும் உரிமை எழுதியவருடையது. இலங்கையின் 2003-ஆம் ஆண்டு 36-ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி, பதிப்புரிமை எழுதியவரின் வாழ்நாளுக்கும் அதன்பின் 70 ஆண்டுகளுக்கும் உண்டு. நாடக ஆசிரியர் உயிரோடு இருந்தால் அவரிடமும், இல்லையென்றால் உரிமை வைத்திருக்கும் குடும்பத்தாரிடமும் எழுத்தில் சம்மதம் வாங்குங்கள். களப்பயிற்சியில் குழுவாகச் சேர்ந்து உருவாக்கிய நாடகம் என்றால் குழுவினரோடு இருந்து பேசுங்கள். "அவர் ஒன்றும் சொல்லமாட்டார்" என்று நீங்களே முடிவெடுக்காதீர்கள். இன்னொரு வழியும் உண்டு. அந்தப் பாத்திரம் உங்களுக்குள் கிளப்பிய கேள்வியை மட்டும் எடுத்துக்கொண்டு, பெயர், கதை, வசனம் எல்லாவற்றையும் புதிதாகப் படைக்கலாம். பெரும்பாலும் அதுவே நல்ல நாவலைத் தருகிறது.

பாத்திரக் கொப்பி

ஒரு தடித்த கொப்பி வாங்குங்கள். இடது பக்கம் பாத்திரத்தின் உடல், வலது பக்கம் அவள் மனம். அவள் எப்படிக் கதிரையில் இருப்பாள், பஸ்ஸில் காசு கொடுக்கும்போது பணப்பையை எங்கே வைத்திருப்பாள், சேலைத் தலைப்பை எப்போது இழுத்துவிடுவாள் என்பதெல்லாம் இடது பக்கத்துக்கு. இவற்றை மேசையில் இருந்து யோசித்து எழுதாதீர்கள். எழுந்து செய்துபாருங்கள், உடல் கண்டுபிடித்ததை உடனே குறித்துக்கொள்ளுங்கள். மேசையைவிட்டு எழாத எழுத்தாளருக்கு இந்த வழி கிடைப்பதில்லை. நல்ல நெறியாளரிடம் பழகியவர்களுக்கு இது கைவந்த வேலை.

வலது பக்கத்தில் ஒவ்வொரு காட்சிக்கும் ஒரு கேள்வி: இவளுக்கு இப்போது என்ன வேண்டும்? ஒத்திகையில் நெறியாளர் உங்களைக் கேட்ட அதே கேள்வி. பதில் கிடைக்காத காட்சியை எழுதாதீர்கள்.

மேடை சும்மா தந்தவை

இதுதான் நான் சொன்ன மிச்சப் பாதி. நடிகைகளின் முதல் கையெழுத்துப் பிரதிகளைப் படிக்கும்போது ஒரே குறை திரும்பத் திரும்ப வருகிறது. பக்கம் பக்கமாக உரையாடல்; ஆனால் யார் எங்கே நிற்கிறார்கள், பகலா இரவா, வெயிலா மழையா என்பது தெரிவதில்லை. எழுதியவர் மீது அதில் பிழையில்லை. மேடையில் வெளிச்சத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார், உடையை இன்னொருவர், இசையை இன்னொருவர். "போ" என்ற ஒரு சொல்லை வெறுப்பாகவும் கெஞ்சலாகவும் மாற்ற உங்கள் குரல் இருந்தது. எதிரே நின்ற சக நடிகரின் முகம் பாதிப் பொருளைச் சொன்னது. தாளில் இவை எதுவும் இல்லை. அத்தனை பேரின் வேலையையும் நீங்கள் ஒருவரே செய்ய வேண்டும்.

அதற்கு ஒரு பயிற்சி. நீங்கள் நடித்த, நன்றாக மனப்பாடமான ஒரு காட்சியை எடுங்கள். வசனம் ஒன்றுகூட இல்லாமல் அதை மூன்று பக்கத்தில் எழுதுங்கள். யார் எப்போது திரும்பினார், கதவு திறந்திருந்ததா, அடுப்பில் என்ன இருந்தது, வெளியே என்ன சத்தம் கேட்டது. எழுதி முடித்தபின், இல்லாமல் தீராது என்று தோன்றுகிற வசனங்களை மட்டும் திரும்பச் சேருங்கள். பெரும்பாலும் பழைய வசனத்தில் கால்வாசிதான் உள்ளே வரும். மற்றதைச் செயலே சொல்லிவிட்டிருக்கும். இதை அவசரப்படாமல், வெவ்வேறு காட்சிகளை எடுத்துத் திரும்பத் திரும்பச் செய்யுங்கள். இந்த வழிகாட்டியில் ஒன்றே ஒன்றைத்தான் செய்ய நேரம் இருக்கிறது என்றால் இதைச் செய்யுங்கள்.

அடுத்தது, யார் கண்ணால் பார்ப்பது. மேடையில் பார்வையாளர் எல்லாப் பாத்திரத்தையும் ஒரே நேரத்தில் பார்க்கிறார். நாவலில் நீங்கள் யாருக்குள் இருந்து சொல்கிறீர்கள் என்பதை முடிவுசெய்ய வேண்டும். நடிகைக்கு இதில் ஒரு பலமும் ஒரு ஆபத்தும் உண்டு. ஒருத்திக்குள் முழுதாக இறங்க உங்களுக்குத் தெரியும், அது பலம். எல்லாப் பாத்திரங்களையும் நடித்துக் காட்ட ஆசை வரும், அது ஆபத்து. ஒரு அத்தியாயத்துக்குள் தாயின் மனம், மகளின் மனம், பக்கத்து வீட்டுக்காரரின் மனம் என்று தாவினால் வாசகர் களைத்துப்போவார். முதல் நாவலுக்கு ஒரு அத்தியாயத்துக்கு ஒருவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே ஒருத்தியின் கண்ணோடு முழு நாவலையும் கொண்டுபோக முடிந்தால் இன்னும் நல்லது.

படப்பிடிப்பு கற்றுத்தரும் ஒன்று

குறும்படத்திலோ தொலைக்காட்சி நாடகத்திலோ நடித்தவர்களுக்கு, முதல்நாள் எடுத்த காட்சியில் எந்தக் கையில் வளையல் இருந்தது என்று பார்த்துப் பார்த்துச் சரிசெய்கிற பழக்கம் இருக்கும். அந்தத் தொடர்ச்சிக் கவனத்தை நாவலுக்கும் கொண்டுவாருங்கள். ஒவ்வொரு அத்தியாயத்துக்கும் ஆண்டு, மாதம், கிழமை, காலநிலை என்று ஒரு அட்டவணை போடுங்கள்.

எங்கள் ஊரை வைத்து எழுதும்போது இது மிகவும் முக்கியம். கிண்ணியாப் பாலம் 2009-இல்தான் திறக்கப்பட்டது. உங்கள் கதாநாயகி 2003-இல் கிண்ணியாவுக்குப் போகிறாள் என்றால் பாலத்தில் பஸ் ஓடக்கூடாது. அவள் துறையடியில் 'பாதை' என்கிற மிதவைப் படகுக்குக் காத்து நிற்க வேண்டும். அந்தக் காத்திருப்பே ஒரு அத்தியாயம் ஆகலாம். மார்கழியில் நிலாவெளிக் கடலைக் குளம்போலக் காட்டாதீர்கள். அது வாடைக்காலம், கடல் கொந்தளிக்கும். ஆடியில் கச்சான் காற்றின் வெக்கை இல்லாமல் ஊர் மத்தியானம் வராது. பாட்டியின் நினைவுகளை எழுதுகிறீர்கள் என்றால், ஜப்பான் விமானங்கள் துறைமுகத்தில் குண்டுபோட்டது 1942 ஏப்ரல் 9. சுனாமி வந்த 2004 டிசம்பர் 26 அன்று யார் எங்கே இருந்தார்கள் என்பது கரையோரக் குடும்பங்கள் எல்லாவற்றுக்கும் தெரியும். அதில் ஒரு சிறு பிழைகூட அவர்களை நோகச்செய்யும். இடம்பெயர்வுகளை எழுதும்போதும் அப்படித்தான். சம்பூரில், மூதூரில், நகரில் எந்தக் கிராமம் எப்போது இடம்பெயர்ந்தது, எப்போது திரும்பியது என்பதை அங்கிருந்தவர்களிடம் கேட்டே எழுதுங்கள்.

கேட்கும்போது குரலைப் பதிவுசெய்ய அனுமதி கேளுங்கள். அந்த வாழ்க்கையை நாவலில் பயன்படுத்தப் போகிறீர்கள் என்று மறைக்காமல் சொல்லுங்கள். பெயரை மாற்றினால் போதும் என்று நினைக்க வேண்டாம். இது சின்ன ஊர். தொழில், தெரு, பிள்ளைகளின் எண்ணிக்கை மூன்றையும் வைத்தே ஆளைக் கண்டுபிடித்துவிடுவார்கள். மூன்றில் இரண்டையாவது மாற்றுங்கள்.

காதும் பேச்சும்

திருகோணமலை நாவலாசிரியைக்கு வேறு ஊர்க்காரருக்கு எளிதில் வாய்க்காத ஒரு செல்வம் உண்டு. ஒரே சந்தையில் பல விதமான தமிழ் கேட்கிறது. யாழ்ப்பாணத்திலிருந்து தலைமுறைகளுக்கு முன் வந்து குடியேறிய வீட்டில் "வாங்கோ, இருங்கோ" என்பார்கள். மட்டக்களப்புப் பக்கத்து உறவுள்ள வீட்டில் "மனே" என்று கூப்பிடுவது கேட்கும். கிண்ணியாவிலும் மூதூரிலும் முஸ்லிம் வீடுகளில் உம்மா, வாப்பா, ராத்தா, நானா. தம்பலகாமத்து வயலில் ஒரு பேச்சு, கரைவலை இழுக்கும் கரையில் இன்னொன்று. சிங்களச் சொற்களும் அன்றாடம் கலந்து வருகின்றன.

மேடைக்காகப் பயின்ற காது இவற்றைப் பிரித்துக் கேட்கும். ஆனால் கேட்டதையெல்லாம் ஒலிக்கு ஒலி தாளில் எழுதிவிடக்கூடாது. ஒரு பாத்திரத்துக்கு மூன்று நான்கு அடையாளங்கள் போதும்: மற்றவரை எப்படி விளிக்கிறார், வாக்கியத்தை எதில் முடிக்கிறார், கோபம் வந்தால் எந்தச் சொல் வருகிறது. அவற்றை மட்டும் தவறாமல் பிடித்துக்கொண்டு மிச்சத்தை எளிய தமிழில் எழுதுங்கள். வாசகரின் காது மீதியைத் தானே நிரப்பிக்கொள்ளும். முக்கியமாக, உங்கள் சமூகம் அல்லாத ஒருவரின் பேச்சைச் சிரிப்புக்காக எழுதாதீர்கள். நகைச்சுவை நாடகங்களில் அது நெடுங்காலமாக நடந்துவருகிறது. நாவலில் அது நிரந்தரமாகப் பதிந்துவிடும். அந்தப் பகுதியை அச்சுக்குக் கொடுக்கும் முன் அந்தச் சமூகத்துப் பெண் ஒருவரிடம் வாசித்துக் காட்டுங்கள்.

எழுதியதைச் சத்தமாக வாசிப்பது இதன் தொடர்ச்சி. ஒவ்வொரு அத்தியாயமும் முடிந்ததும் எழுந்து நின்று வாசித்து, கைத்தொலைபேசியில் பதிவுசெய்து, மறுநாள் கேளுங்கள். உங்கள் குரல் எங்கே தானாக அவசரப்படுகிறதோ அங்கே எழுத்து நீண்டுவிட்டது. ஆனால் ஒரு எச்சரிக்கை. நல்ல குரல் சுமாரான வாக்கியத்தையும் அழகாக்கிவிடும். ஆகவே இரண்டாம் தடவை, நடிக்கத் தெரியாத ஒருவரைக் கொண்டு வாசிக்கவைத்துக் கேளுங்கள். அந்தத் தட்டையான வாசிப்பிலும் நிற்கிற வாக்கியமே நல்ல வாக்கியம்.

நேரம்

சுமார் 200 பக்க நாவலுக்கு ஏறத்தாழ 45,000 சொற்கள் வேண்டும். ஒரு நாளைக்கு 300 சொல், கிழமைக்கு ஐந்து நாள் என்றால் 30 கிழமையில் முதல் வரைவு முடியும். வேலை, வீடு, ஒத்திகை மூன்றுக்கும் நடுவே 300 சொல் எழுதலாம். விடிய எழும்பி எழுதுகிறவர்களே பெரும்பாலும் முடிக்கிறார்கள். நாடகம் மேடையேறும் மாதத்தில் எழுத்தை நிறுத்திவையுங்கள்; கொப்பியை மட்டும் தொடருங்கள். மேடையை விட்டுவிட்டு முழுநேரமாக எழுதப் போகிறேன் என்று சொல்பவர்களை நான் தடுக்கவே பார்ப்பேன். ஒத்திகை தரும் ஒழுங்கும் மனிதக் கூட்டமும் போய்விட்டால், தனியே இருந்து எழுதும் பலம் எல்லோருக்கும் உடனே வந்துவிடாது.

வரைவு முடிந்ததும் ஒரு மாதம் தொடாமல் வையுங்கள். பிறகு மூன்று பேரிடம் கொடுங்கள்: நாடகக்காரர் ஒருவர், நாவல் நிறையப் படிப்பவர் ஒருவர், இரண்டிலும் சேராத சாதாரண வாசகர் ஒருவர். "நல்லா இருக்கா?" என்று கேட்காதீர்கள். எந்தப் பக்கத்தில் கீழே வைத்தீர்கள் என்று கேளுங்கள்.

பெயர்

ராபின்ஸைப் போலப் புனைபெயர் வைக்கலாமா என்ற கேள்வி இங்கே பெண்களிடமிருந்து அடிக்கடி வருகிறது. நடிக்கிறாள் என்பதற்கே பேச்சு வாங்கிய பெண், எழுதுகிறாள் என்பதற்கும் வாங்க வேண்டுமா என்ற பயம் அதில் இருக்கிறது. அந்தப் பயத்தை நான் குறைவாக எடைபோட மாட்டேன். வேலைத்தலத்திலோ குடும்பத்திலோ உண்மையான பாதிப்பு வரும் என்றால் புனைபெயர் வையுங்கள். அப்படி இல்லையென்றால் உங்கள் சொந்தப் பெயர்தான் சரி. மேடையில் உங்களைப் பார்த்த ஆட்களே உங்கள் முதல் வாசகர்கள். அவர்கள் தேடி வருவது அந்தப் பெயரைத்தான்.

அச்சுக்குப் போகும் முன்

தட்டச்சு செய்யும்போதே யூனிகோட்டில் செய்யுங்கள். அச்சகங்களில் இன்னும் பாமினி எழுத்துரு புழங்குகிறது. மாற்றும்போது சில எழுத்துகள் குழம்பும். ஆகவே பக்கம் அமைத்தபின் மெய்ப்பை முதலிலிருந்து திரும்பப் பாருங்கள். நீங்கள் மட்டும் பார்த்தால் போதாது. வசனம் மனப்பாடமானவருக்குப் பிழை கண்ணில் படாது. தமிழ் ஆசிரியர் ஒருவருக்கு உரிய பணம் கொடுத்து மெய்ப்புப் பார்க்கச் சொல்லுங்கள்.

சர்வதேசத் தர நூல் எண்ணை (ISBN) கொழும்பிலுள்ள தேசிய நூலக ஆவணவாக்கல் சேவைகள் சபை வழங்குகிறது. பதிப்பகம் இல்லாமல் ஆசிரியரே வெளியிடும் நூலுக்கும் விண்ணப்பிக்கலாம். இலங்கை எண்கள் 978-955 அல்லது 978-624 என்று தொடங்கும். அச்சிடும் முன்பே எடுத்துப் பின்னட்டையில் போடுங்கள். பிரதிகளின் எண்ணிக்கையில் பேராசை வேண்டாம். ஓப்செட் அச்சில் எண்ணிக்கை கூடக்கூட ஒரு பிரதியின் விலை குறையும் என்பது உண்மைதான். ஆனால் விற்காத கட்டுகள் வீட்டில் கிடந்தால் அந்தக் கணக்கு பொய்த்துவிடும். முதல் நாவலுக்கு 300 பிரதிகளுக்கு இரண்டு மூன்று அச்சகங்களில் விலை கேட்டு ஒப்பிடுங்கள். உள்பக்கங்கள் 16-இன் மடங்காக அமைந்தால் காகிதம் வீணாகாது.

உங்கள் பிரதேச செயலகத்தில் கலாசார உத்தியோகத்தர் இருக்கிறார். அவரைப் போய்ச் சந்தியுங்கள். பிரதேச, மாவட்ட இலக்கியப் போட்டிகள், கிழக்கு மாகாணப் பண்பாட்டலுவல்கள் திணைக்களத்தின் சிறந்த நூல் பரிசு, அரச இலக்கிய விருது ஆகியவற்றுக்கு எப்போது எத்தனை பிரதிகள் அனுப்ப வேண்டும் என்று அவரிடம் கேட்கலாம். நூல் வெளிவந்த ஆண்டை வைத்தே இவை தீர்மானிக்கப்படுகின்றன. ஆகவே டிசம்பர் கடைசியில் அவசரமாக அச்சடிப்பதா, ஜனவரியில் நிதானமாக வெளியிடுவதா என்பதை முன்கூட்டி யோசியுங்கள்.

வெளியீட்டு விழா

எங்கள் வெளியீட்டு விழாக்களில் தலைமையுரை, வாழ்த்துரை, வெளியீட்டுரை, நயவுரை, ஏற்புரை என்று பேச்சு மூன்று மணி நேரம் போகும். நூலிலிருந்து ஒரு வரி வாசிக்கப்படாது. நீங்கள் நடிகை. உரைகளைப் பாதியாகக் குறைத்து, நாவலின் ஒரு காட்சியை நீங்களே பத்து நிமிடம் வாசியுங்கள். இரண்டு சக நடிகர்களை உரையாடலுக்குச் சேர்த்துக்கொள்ளலாம். ஒப்பனை, இசை எதுவும் வேண்டாம். முக்கியமான இடத்தில் நிறுத்திவிடுங்கள். மிச்சத்தை வாங்கிப் படிக்கட்டும். முதற்பிரதி, சிறப்புப் பிரதி வாங்க ஊர் வர்த்தகர்களை அழைக்கும் வழக்கத்தை விடாதீர்கள். அச்சுக்கூலியில் கணிசமான பகுதி அதிலிருந்துதான் வரும். ஆனால் அவர்களுக்கும் ஒரு அத்தியாயத்தையாவது முன்கூட்டிக் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள்.

விழா முடிந்த கிழமையே திருகோணமலை, கிண்ணியா, மூதூர் நூலகங்களுக்கும், நாடகமும் அரங்கியலும் படிப்பிக்கும் பாடசாலைகளுக்கும் பிரதிகளைக் கொண்டுபோய்க் கொடுங்கள். அச்சகத்திலிருந்து அட்டை, உள்பக்கம் இரண்டின் கோப்புகளையும் கேட்டு வாங்கி, ஒன்றுக்கு இரண்டு இடத்தில் சேமித்துவையுங்கள். இரண்டாம் பதிப்புக்கும், 'நூலகம்' தளத்துக்குக் கொடுப்பதற்கும் அவை வேண்டும்.